மாமாவுக்கு இன்று வசனம் இல்லை

காலை முதல் இரவு வரை படப்பிடிப்பு. பேச மூன்று வரிதான். மீதி நேரமெல்லாம் மருமகள் பேசுவதைக் கேட்டு முகம் மாற வேண்டும். தொலைக்காட்சித் தொடரில் மாமாவாக, சித்தப்பாவாக நடிப்பவரின் வேலை பெரும்பாலும் இதுதான். கூடத்தில் எட்டுப் பேர் நிற்க, ஒருவர் ஏதோ குண்டைப் போடுவார். உடனே கேமரா மற்ற ஏழு முகங்களுக்கும் தனித்தனியாகப் போகும். இந்த ‘ரியாக்‌ஷன்’ துண்டுகளைச் சில சமயம் எதிரே ஆளே இல்லாமல் வெறும் சுவரைப் பார்த்து நடித்துத் தர வேண்டியிருக்கும். பேசி நடிப்பதைவிட இது கடினம் என்றே எனக்குப் படுகிறது.

வசனத்தை மனப்பாடம் செய்ய நேரம் கிடைக்காது. உதவி இயக்குநர் கேமராவுக்குப் பின்னால் நின்று வாசிப்பார். நடிகர் அதைக் காதில் வாங்கியபடியே, யோசித்துப் பேசுவதுபோலச் சொல்ல வேண்டும். இதற்குப் பிராம்ப்டிங் என்று பெயர். பிறகு டப்பிங்.

சம்பளம் பெரும்பாலும் நாள் கணக்கு. கதையில் மாமா காசிக்குப் போய்விட்டால் வீட்டில் வருமானமும் நின்றுவிடும்.

சேலத்தில் இதற்கு நேர்மாறான ஏற்பாடு ஒன்று இருந்தது. திருச்செங்கோட்டுக்காரரான டி.ஆர்.சுந்தரம், இங்கிலாந்தின் லீட்ஸ் நகரில் ஜவுளித் தொழில்நுட்பம் படித்தவர். 1935இல் தொடங்கிய மாடர்ன் தியேட்டர்ஸ் படநிறுவனத்தையும் ஆலை மாதிரியே நடத்தினார். நடிகர்கள், எழுத்தாளர்கள் பலர் மாதச் சம்பளக்காரர்கள். சம்பளம் கொடுத்து வைத்திருக்கும் ஆளைச் சும்மா உட்கார வைக்க எந்த முதலாளிக்கும் மனம் வராது. நூற்றுக்கும் மேற்பட்ட படங்கள் அங்கே உருவானதில் இதற்கும் பங்குண்டு. எம்.என்.நம்பியார் 1950இல் அந்த நிறுவனத்தின் ‘மந்திரி குமாரி’யில் ராஜகுருவாகத் துணை வேடத்தில் வந்தார், அதே ஆண்டு அதே நிறுவனத்தின் ‘திகம்பர சாமியார்’ படத்தில் பதினொரு வேடங்களில் தோன்றினார். சுந்தரம் 1963இல் காலமானார். ஏற்காடு சாலையில் ஸ்டுடியோவின் நுழைவாயில் வளைவு மட்டும் மிஞ்சியிருக்கிறது. சேலம், நாமக்கல் பிள்ளைகள் நடிக்க வேண்டுமென்றால் இன்று சென்னைக்குத்தான் ரயிலேற வேண்டும்.

அங்கே தொடரில் நிரந்தரப் பதவி கதாபாத்திரத்துக்குத்தான், நடிகருக்கு அல்ல. ஆள் மாறினால் ‘இவருக்குப் பதில் இவர்’ என்று திரையில் ஒரு வரி போடுவார்கள், கதை நிற்காது. ‘எதிர்நீச்சல்’ தொடரில் ஆதி குணசேகரனாக வீடுதோறும் திட்டு வாங்கிய ஜி.மாரிமுத்து, 2023 செப்டம்பர் 8 அன்று அந்தத் தொடருக்கு டப்பிங் பேசிக்கொண்டிருந்தபோது நெஞ்சுவலி வந்து இறந்தார். சில வாரங்களில் வேல ராமமூர்த்தி குணசேகரன் ஆனார். தொடர் 2024 ஜூன் வரை ஓடியது.