இரும்புச்சத்து கொடுத்தும் ரத்தம் ஏறலையா?

"முருங்கைக்கீரை, பேரீச்சை, டானிக்... எல்லாம் கொடுத்தாச்சு டாக்டர். ஹீமோகுளோபின் ஒன்பதரையைத் தாண்டவே மாட்டேங்குது!"

உங்கள் வீட்டிலும் இப்படி ஒரு பிள்ளை இருக்கலாம். என்னிடம் வந்த பெண்ணுக்கு வயது 22. சோகை என்றதும் பழக்கதோஷத்தில் அயச்செந்தூரம் கொடுத்தேன். மூன்று மாதம் கழித்தும் அதே ஒன்பதரை. அப்புறம்தான் ஃபெரிட்டின் பார்க்கச் சொன்னேன். உடம்பில் இரும்பு போதுமான அளவு இருந்தது! முதல் நாளே பார்த்திருக்க வேண்டும். தப்பு என்னுடையதுதான்.

அடுத்து எழுதிக் கொடுத்தது 'ஹீமோகுளோபின் எலக்ட்ரோஃபோரசிஸ்'. பெயரைக் கேட்டு மிரளாதீங்க. ஹீமோகுளோபின் ஒரு புரதம். அதற்கு மின்னூட்டம் உண்டு. சிவப்பணுக்களை உடைத்து எடுத்த திரவத்தை ஜெல்லில் ஒரு சொட்டு வைத்து மின்சாரம் செலுத்தினால், அதிலுள்ள ஒவ்வொரு வகை ஹீமோகுளோபினும் தன் மின்னூட்டத்துக்கு ஏற்ற வேகத்தில் நகரும். ஓட்டப்பந்தயம் மாதிரி!

1949-ல் அமெரிக்காவில் லைனஸ் பாலிங் குழுவினர், 'சிக்கிள் செல்' சோகை உள்ளவர்களின் ஹீமோகுளோபின் வேறு மாதிரி ஓடுவதை இப்படித்தான் கண்டார்கள். (நம் நீலகிரி மலைவாழ் மக்களிடம் இந்தக் கோளாறு தெரியவந்தது 1952-ல்.) ஏன் அப்படி ஓடுகிறது? 1956-ல் கேம்பிரிட்ஜில் வெர்னான் இங்கிராம், அந்தப் புரதத்தை டிரிப்சின் என்ற நொதியால் துண்டு துண்டாக்கி, காகிதத்தில் பரப்பிப் பார்த்தார். ஒரே ஒரு துண்டு மட்டும் இடம் மாறி நின்றது. 146 மணிகள் கோத்த பீட்டா சங்கிலியில் ஆறாவது மணி மட்டும் வேறு. குளுட்டாமிக் அமிலம் இருக்கவேண்டிய இடத்தில் வேலைன். அவ்வளவுதான். அதற்கே சிவப்பணு அரிவாள் போல வளைந்துவிடுகிறது!

நம்ம பெண்ணுக்கு சிக்கிள் செல் இல்லை. 'ஏ2' என்ற வகை 5.2 சதவீதம் இருந்தது. 3.5-ஐத் தாண்டினால் பெரும்பாலும் பீட்டா தலசீமியா மைனர். அம்மாவிடமிருந்தோ அப்பாவிடமிருந்தோ வந்த சொத்து. அவளுக்கு ஆபத்தில்லை, தேவையில்லாத இரும்பைத்தான் நிறுத்தணும். ஆனால் கல்யாணம் நிச்சயமான பெண்ணாச்சே! கணவனும் மைனர் என்றால், ஒவ்வொரு கர்ப்பத்திலும் நாலில் ஒரு பங்கு வாய்ப்பு, குழந்தைக்குத் தலசீமியா மேஜர் வர. சில வாரங்களுக்கு ஒருமுறை ரத்தம் ஏற்றியபடியே அந்தக் குழந்தை வளரணும்.

இப்போது பல லேப்களில் ஜெல்லுக்குப் பதில் 'ஹெச்.பி.எல்.சி.' மெஷினிலேயே பார்த்துவிடுகிறார்கள். சமீபத்தில் ரத்தம் ஏற்றியிருந்தால் மூன்று மாதம் பொறுங்கள்; இல்லாவிட்டால் ரிசல்ட் குழப்பும். இரும்புக் குறைவு இருந்தாலும் ஏ2 குறைத்துக் காட்டும். அதைச் சரிசெய்த பிறகு எடுங்கள்.

"மாப்பிள்ளைக்கும் எடுத்துடுங்கம்மா" என்றேன். பெண்ணின் அம்மாவுக்கு முகம் சுருங்கிவிட்டது. "சம்பந்தி வீட்டில் என்னன்னு சொல்றது டாக்டர்?"

மூன்றாம் நாள் அந்தப் பையனே வந்து நின்றான். அவள்தான் சொல்லியிருக்கிறாள். "எந்த டெஸ்ட்டுன்னு எழுதிக் கொடுங்க சார்."

அவனுக்கு ஏ2 2.6 சதவீதம். பத்திரிகை வைக்க இரண்டு பேருமே வந்திருந்தார்கள்.