உங்களுக்குத் தெரியுமா? சிசெரோ பேசாத பேச்சு

ரோமின் பெரும் பேச்சாளர் சிசெரோவின் உரைகளைப் படிப்பவர்கள், அன்று மன்றத்தில் ஒலித்த குரலையே கேட்பதாக நினைத்துக்கொள்கிறார்கள். ஆனால் சில உரைகள் வாய் திறந்து பேசப்படவே இல்லை. சிசிலியைச் சுரண்டிய ஆளுநர் வெர்ரஸ் மீது அவர் கி.மு. 70-இல் வழக்கு நடத்தினார். முதல் கட்ட விசாரணையோடு வெர்ரஸ் ஊரைவிட்டு நழுவிவிட, அடுத்த கட்டத்துக்கான ஐந்து பகுதிகளும் ஏட்டிலேயே நின்றன. ஆனாலும் அந்த எழுத்து, வெர்ரஸ் எதிரே உட்கார்ந்திருப்பதுபோலவே அவரை மடக்கி மடக்கிக் கேட்கிறது. நான்காம் பகுதியில் சிசெரோ ஒரு சிற்பியின் பெயர் மறந்ததுபோல் தடுமாறுகிறார். யாரோ எடுத்துக்கொடுத்ததும் பொலிக்ளெய்டஸ் என்கிறார். எடுத்துக்கொடுக்க அங்கே ஆளேது? மறதியைக்கூட உட்கார்ந்து யோசித்து எழுதியிருக்கிறார்!

அப்படியானால் இவை போலி ஆவணங்கள்தானே என்று கேட்கலாம். நீதிமன்றப் பதிவாக எடுத்துக்கொண்டால் அந்தச் சந்தேகம் நியாயமே. ஆனால் இளைஞர்கள் ஆர்வமாகக் கேட்பதால் உரைகளை எழுதித் தருவதாக, நண்பர் அட்டிகஸுக்கான கடிதத்தில் அவரே சொல்கிறார். அதாவது இவை இளைஞர்களுக்கான பாடநூல்கள்; பாடநூலை யாரும் பொய்ச்சாட்சி என்பதில்லை. கி.மு. 52-இல் கொலை வழக்கில் சிக்கிய அரசியல்வாதி மிலோவுக்காக அவர் வாதாடியபோது சுற்றிலும் படைவீரர்கள், பேச்சு எடுபடவில்லை. அன்று பேசியதைக் குறித்துக்கொண்ட பிரதியும் புழங்கியதாக, அடுத்த நூற்றாண்டில் விளக்கவுரை எழுதிய அஸ்கோனியஸ் சொல்கிறார். ஆக, ஒளிவுமறைவு இல்லை. நமக்குக் கிடைத்திருப்பது பின்னால் செதுக்கிய வடிவம். வழக்கில் தோற்று நாடுகடந்து மார்செய் நகரில் இருந்த மிலோ அதைப் படித்துவிட்டு, இதை அன்றே பேசியிருந்தால் இந்த ஊர் மீனை நான் ருசித்திருக்க முடியாதே என்றாராம்.