பொத்தான் கடைக்கு வந்த தச்சன்

1966 ஏப்ரலில், வெளிநாட்டு மொழிப் படத்துக்கான ஆஸ்கர் விருது முதன்முறையாகச் செக்கோஸ்லோவாகியாவுக்குப் போனது. படத்தின் தலைப்பைத் தமிழில் சொன்னால் 'கடைவீதியில் ஒரு கடை'. இயக்கியவர்கள் யான் காதார், எல்மார் க்லோஸ். இரண்டு மணி நேரப் படத்தின் பாரத்தை முக்கால்வாசி சுமந்தவர் யோசெஃப் க்ரோனர். ஆளைச் சிரிக்க வைப்பதில் கைதேர்ந்த ஸ்லோவாக் நடிகர்.

1924-ல் ஸ்லோவாகியாவின் வட எல்லையோரம், ஸ்டாஷ்கோவ் என்ற கிராமத்தில் பிறந்தவர். நடிப்புப் பள்ளி எதிலும் படிக்கவில்லை. ஊர் நாடகங்களில் தொடங்கி, மார்ட்டின் நகர நாடகக் குழுவில் தேறி, 1956-ல் பிராட்டிஸ்லாவாவில் உள்ள ஸ்லோவாக் தேசிய நாடக அரங்குக்கு வந்து சேர்ந்தார்.

படத்தின் கதை 1942-ல், ஜெர்மனியை அண்டிப் பிழைத்த ஸ்லோவாக் அரசின் காலத்தில் நடக்கிறது. யூதர்களின் கடைகளைப் பறித்து 'ஆரியர்' கையில் கொடுக்கச் சட்டமே இருந்தது. அந்த ஆண்டு மார்ச் முதல் அக்டோபருக்குள் சுமார் 58,000 யூதர்கள் ரயிலேற்றி நாடு கடத்தப்பட்டார்கள். இந்தச் சூழலில், வேலை வெட்டி அதிகமில்லாத தச்சன் டோனோ ப்ரட்கோவுக்கு, அதிகாரத்தில் இருக்கும் சகலையின் தயவில் ஒரு கடை கிடைக்கிறது. கிழவி ரொசாலியா லவுட்மனோவாவின் பொத்தான் கடை.

உத்தரவுக் காகிதத்தோடு டோனோ கடைக்குள் நுழையும் காட்சி ஒன்று போதும், க்ரோனர் யாரென்று தெரிந்துகொள்ள. கிழவிக்குக் காது மந்தம். வெளியே உலகப்போர் நடப்பதே அவளுக்குச் சரியாகத் தெரியாது. இவர் கத்துகிறார், காகிதத்தை நீட்டுகிறார், கை ஜாடை காட்டுகிறார், ஒன்றும் எடுபடவில்லை. கடைசியில், தனக்கு ஒத்தாசைக்கு வந்த ஆள் என்று அவள் நம்பிவிடுகிறாள். முதலாளியாக வந்தவர் கடைப்பையன் ஆகிவிடுகிறார்! கடையிலோ சரக்கு இல்லை. யூத சமூகத்தார் ரகசியமாகத் தரும் சம்பளத்தைக் கடை லாபம் என்று மனைவியிடம் கொண்டுபோய்க் கொடுக்கிறார். போகப்போகக் கிழவியின் மேசை நாற்காலிகளைப் பழுதுபார்க்கவும் ஆரம்பிக்கிறார்.

இந்த வேடத்துக்கு முறைத்துப் பார்க்கும் வில்லன் முகம் உதவியிருக்காது. டோனோ கெட்டவன் அல்ல. பயந்தவன், சோம்பேறி, நாலு காசுக்கு ஆசைப்படுபவன். அவனைப் பார்த்துச் சிரிக்கும்போதே அவன் பக்கம் சாய்ந்துவிடுகிறோம். நாடு கடத்தும் நாளில், குடித்துவிட்டு, கிழவியை ஒளித்து வைப்பதா பிடித்துக் கொடுப்பதா என்று அவன் அலைபாயும்போது, முன்பு சிரித்ததே உறுத்துகிறது. முடிவைச் சொன்னால் படம் பார்க்கப் போகிறவர்கள் திட்டுவார்கள்.

1965 கான் விழாவில் க்ரோனருக்கும், கிழவியாக நடித்த போலந்து நாட்டு யூத நடிகை இடா கமின்ஸ்காவுக்கும் சேர்த்தே சிறப்புப் பாராட்டு கிடைத்தது. பிறகு கமின்ஸ்காவின் பெயர் மட்டும் சிறந்த நடிகைக்கான ஆஸ்கர் பட்டியலில் ஏறியது. க்ரோனரை விட்டது ஓரவஞ்சனைதான்.

ஆனால் க்ரோனரைப் பற்றி ஸ்லோவாக்கியர்களைக் கேட்டால் பலரும் முதலில் சொல்வது 'ஹிபே ஊர்க் கொள்ளையன் பாஹோ' என்ற 1975-ம் ஆண்டுப் படத்தைத்தான். கொள்ளைக்கார வீரர்களைப் பற்றிய நாட்டுக் கதைகளைக் கிண்டலடித்து மார்ட்டின் டியாபாக் எடுத்த நகைச்சுவை அது. அமெரிக்காவிலிருந்து ஊர் திரும்பும் பாஹோ, வழியில் கொள்ளையரிடம் சிக்கி, அவர்களுக்கே தலைவனாகிறான். 1983-ல் யுராய் யாகுபிஸ்கோவின் 'ஆயிரமாண்டுத் தேனீ'யில் குடும்பத் தலைவர் மார்ட்டின் பிஹாந்தாவாக வந்தார். ஹங்கேரியப் படங்களிலும் நடித்திருக்கிறார்.

படப்பிடிப்பு இல்லாதபோது தூண்டிலோடு ஆற்றங்கரையில் இருப்பார். மீன்பிடிப்பைப் பற்றிப் புத்தகமும் எழுதினார். 1998 மார்ச் 12-ல், 74 வயது நிறைய எட்டு நாள் இருக்கும்போது காலமானார். மனைவி தெரேசியா, தம்பி லுடோவீட், மகள் சுசானா என வீட்டில் எல்லாரும் நடிப்புக்காரர்கள். 2017-ல் வந்த செக் படம் ஒன்றில், குளிர்நீரில் நீந்தும் ஆட்களோடு சேர்ந்துகொள்ளும் விதவையாகக் கதையைத் தாங்கியவர் சுசானாதான்.