சபாநாயகர் சிவசண்முகம்

நம் ஸ்கெலட்டனில் கூட்டம் போட்டால் எல்லோரும் ஒரே நேரத்தில் பேசுவோம். யார் சொல்வதும் யாருக்கும் கேட்காது. கடைசியில் பெரியவர் ஒருவர் எழுந்து, "ஒவ்வொருத்தரா பேசுங்கப்பா" என்பார். சட்டசபையில் அந்த வேலையைச் செய்பவர்தான் சபாநாயகர்.

நாடு சுதந்திரம் அடைந்தபோது மதராஸ் சட்டசபையின் சபாநாயகர் ஜெ. சிவசண்முகம் பிள்ளை. 'பிள்ளை' என்ற பெயரைப் பார்த்து வேறு மாதிரி நினைத்துவிட வேண்டாம். அவர் ஆதிதிராவிடர். 1901-இல் பிறந்தார். 1937-இல் சென்னை மேயர் ஆனார். அதற்கு முன் அந்த மக்களில் யாரும் சென்னை மேயர் ஆனதில்லை. 1946 முதல் 1955 வரை சபாநாயகராக இருந்தார்.

அது எப்படிப்பட்ட காலம்? வட ஆற்காட்டில் இருந்து நம் தாத்தாக்கள் பலர் இங்கே சுரங்க வேலைக்கு வந்தார்கள். அவர்களைத் துரத்தியது பசி மட்டும் அல்ல. ஊரில் மேல்சாதிக்காரர் வந்தால் எழுந்து நிற்க வேண்டும். தோளில் துண்டு போடக் கூடாது.

சட்டசபை விதி இதற்கு நேர் எதிர். சபாநாயகர் எழுந்தால் மற்றவர்கள் உட்கார வேண்டும். முதலமைச்சரும் உட்கார வேண்டும். பேச விரும்புகிறவர் அவரிடம் அனுமதி கேட்க வேண்டும். பணக்காரர், வக்கீல், மேல்சாதிக்காரர், எல்லோருக்கும் இதே விதிதான்.

1947-இல் ஆலய நுழைவுச் சட்டம் வந்தது. ஆதிதிராவிடர் கோவிலுக்குள் போக வழி செய்த சட்டம் அது. அப்போதும் சபாநாயகர் இவரே.

ஆனால் அந்த நாற்காலிக்கு ஒரு கட்டுப்பாடு உண்டு. ஊருக்கெல்லாம் பேச வாய்ப்புக் கொடுப்பவர், தான் விவாதத்தில் பேச முடியாது. 1953-இல் ராஜாஜி அரசு ஒரு கல்வித் திட்டம் கொண்டு வந்தது. கிராமப் பள்ளியில் தினம் மூன்று மணி நேரம்தான் பாடம். மீதி நேரம் அப்பாவின் தொழிலைப் பழக வேண்டும். "செருப்புத் தைப்பவர் மகன் செருப்புத்தான் தைக்க வேண்டுமா?" என்று மக்கள் கொதித்தார்கள். அதைக் குலக்கல்வி என்றார்கள்.

சபையில் காரசாரமான விவாதம். சிவசண்முகத்தின் சொந்த மக்களுடைய பிள்ளைகளின் படிப்பு அது. ஆனாலும் அவர் நடுநிலையில் இருந்து சபையை நடத்த வேண்டும். திட்டத்தை நிறுத்திவைத்துக் குழுவின் ஆய்வுக்கு அனுப்பும் தீர்மானம் 139-க்கு 137 என்று நிறைவேறியது. வித்தியாசம் இரண்டே வாக்கு! 1954-இல் காமராஜர் முதலமைச்சர் ஆனதும் திட்டம் கைவிடப்பட்டது.

சிவசண்முகம் பிறகு ராஜ்யசபை உறுப்பினராகவும் இருந்தார். 1975-இல் காலமானார்.

சட்டசபை நடப்பதை டி.வி.யில் காட்டுவார்கள். உயரமான நாற்காலியில் இருப்பவரைக் கவனியுங்கள். அவர் எழுந்ததும் மற்றவர்கள் உட்காருகிறார்களா என்று பாருங்கள்.