ஹெட்போன் ஆம்ப் வாங்குவோர் கேட்க வேண்டிய எண்கள்

நல்ல ஹெட்போன் ஒன்று வாங்கிவிட்டால் அடுத்த கேள்வி தானாக வந்துவிடுகிறது: இதற்குத் தனியாக ஆம்ப் வேண்டுமா, டாக் வேண்டுமா? கடைக்காரர் வேண்டும் என்பார். யூடியூபில் விமர்சனம் செய்பவரும் வேண்டும் என்பார். விலையோ சில ஆயிரத்தில் தொடங்கி லட்சத்தைத் தாண்டிப் போகிறது. உங்களுக்கு உண்மையில் எது தேவை என்பதை, தயாரிப்பாளரே அச்சிட்டிருக்கும் இரண்டு மூன்று எண்களை வைத்து வீட்டிலேயே கணக்குப் போட்டுவிடலாம். பின்னால் தகராறு வந்தால் உங்கள் கையில் இருக்கும் முதல் சான்றும் அந்த எண்கள்தான். இந்த இரண்டாவது பயன் பலருக்குத் தெரிவதில்லை.

கணினியில் எண்களாக இருக்கும் இசையை மின் அலையாக மாற்றுவது டாக். அந்த அலையை ஹெட்போனுக்குத் தேவையான அளவுக்கு உயர்த்துவது ஆம்ப். மேசையில் வைக்கும் பெட்டிகள் பலவற்றில் இரண்டும் சேர்ந்தே வருகின்றன. போனில் செருகும் விரல் நீள டாங்கிளுக்குள்ளும் இதே இரண்டும் உண்டு.

சென்ஹைசர் எச்டி 650 என்ற பெயர்பெற்ற ஹெட்போனை எடுத்துக்கொள்வோம். அதன் இம்பீடன்ஸ், அதாவது மின்னோட்டத்துக்கு அது காட்டும் எதிர்ப்பு, 300 ஓம். ஒரு வோல்ட் கொடுத்தால் 103 டெசிபல் ஒலி வரும் என்று நிறுவனமே சொல்கிறது. 300 ஓம் என்றதும் பெரிய ஆம்ப் இல்லாமல் முடியாது என்று பலர் பயமுறுத்துவார்கள். ஆனால் சராசரியாக 80 டெசிபலில் கேட்பதற்கு இந்த ஹெட்போன் எடுப்பது ஏறத்தாழ 17 மைக்ரோவாட். ஒரு வாட்டைப் பத்து லட்சமாகப் பிரித்தால் அதில் 17 பங்கு. தவில் அடியோ தாளவாத்தியக் கச்சேரியின் உச்சமோ சராசரியைவிட 30 டெசிபல் மேலே எழுந்து 110 ஆனாலும் 2.24 வோல்ட் போதும். அது 17 மில்லிவாட்தான். ஒரு வோல்ட் தரும் டாங்கிள் 103 வரை தந்துவிடும். ஆக, இந்த ஹெட்போன் வைத்திருப்பவருக்கு 2 வாட் என்ற விளம்பரம் தேவைக்குப் பல மடங்கு மேலானது.

ஆம்ப் கட்டாயம் வேண்டிய ஹெட்போன்களும் இருக்கின்றன. ஹைஃபைமேன் எச்இ-6 என்ற பிளேனார் வகை ஹெட்போன் வெறும் 50 ஓம். எண்ணைப் பார்த்தால் எளிதானது போலத் தெரியும். ஆனால் அதன் உணர்திறன் ஒரு மில்லிவாட்டுக்கு 83.5 டெசிபல்தான். அது 110 டெசிபலைத் தொட ஏறக்குறைய 450 மில்லிவாட் வேண்டும். அதே டாங்கிள் அதில் 96 டெசிபலைத் தாண்டுவதே கடினம். ஆகவே ஓமை மட்டும் பார்த்து ஆம்ப் வாங்காதீர்கள். உணர்திறனையும் சேர்த்துப் பாருங்கள். அந்த எண் வோல்ட்டுக்கா, மில்லிவாட்டுக்கா என்பதையும் கவனியுங்கள். இரண்டையும் குழப்பினால் 300 ஓம் ஹெட்போனில் கணக்கு 5 டெசிபல் தவறும். குறைந்த ஓமில் இன்னும் அதிகமாகத் தவறும்.

பெட்டியின்மேல் பெரிய எழுத்தில் போடும் வாட் பெரும்பாலும் 16 அல்லது 32 ஓமில் அளந்தது. 32 ஓமில் 2 வாட் என்றால் அது 8 வோல்ட். அதே 8 வோல்ட் 300 ஓமில் சுமார் 210 மில்லிவாட்தான். இரண்டும் உண்மையே, ஆனால் உங்கள் ஹெட்போனுக்கு எது பொருந்தும் என்பதை விற்பவர் சொல்ல வேண்டும். கேட்க வேண்டிய இன்னோர் எண், ஆம்பின் வெளியீட்டு இம்பீடன்ஸ். அது ஹெட்போனின் ஓமில் எட்டில் ஒரு பங்குக்குள் இருப்பது நல்லது: 32 ஓமுக்கு 4, 16 ஓமுக்கு 2. இதைவிடக் கூடினால், உள்ளே பல டிரைவர் வைத்த இயர்போன்களில் ஒலியின் தன்மையே மாறிவிடும். விவரத் தாளில் இந்த எண்ணே இல்லாத ஆம்பை நான் யாருக்கும் பரிந்துரைப்பதில்லை.

டாக் விஷயத்தில்தான் வீண்செலவு அதிகம். சிடியின் 16 பிட், 44.1 கிலோஹெர்ட்ஸ் அளவே 96 டெசிபல் வீச்சைத் தருகிறது. அமெரிக்காவில் மேயர், மோரன் என்ற இருவர் நடத்தி 2007இல் ஆடியோ இன்ஜினியரிங் சொசைட்டியின் ஆய்விதழில் வெளியிட்ட சோதனையில், உயர்தரப் பதிவையும் அதையே சிடி தரத்துக்குக் குறைத்ததையும் எது எது என்று சொல்லாமல் கேட்கவைத்தார்கள். 554 முறையில் சரியாகக் கண்டுபிடித்தது 276 முறை. நாணயத்தைச் சுண்டிப் பார்த்திருந்தாலும் ஏறக்குறைய இதே அளவுதான் வந்திருக்கும். இரைச்சலும் சிதைவும் குறைந்த ஒரு டாக் கிடைத்துவிட்டால், அதற்குமேல் கொடுக்கும் பணம் கட்டமைப்புக்கும் வசதிக்கும் போகிறது. அதில் தவறில்லை, எதற்குக் கொடுக்கிறோம் என்று தெரிந்து கொடுக்க வேண்டும்.

முத்திரைகளுக்காகக் கூடுதல் பணம் தருவதும் அப்படித்தான். எம்க்யூஏ என்ற ஒலிவடிவத்தின் முத்திரை ஒரு காலத்தில் டாக் விற்பனையின் முக்கியக் கவர்ச்சி. 2023இல் அதன் உரிமையாளரான நிறுவனம் நொடிந்து வேறு கைக்கு மாறியது. அந்த வடிவத்தை முன்னிறுத்திய டைடல் என்ற இணைய இசைச் சேவை 2024 ஜூலையில் அதைக் கைவிட்டது. அந்த முத்திரைக்காகவே வாங்கியவர்களுக்கு இன்று அதனால் பெரிய பயன் இல்லை. டாக்குக்குள் இருக்கும் சிப்பின் பெயரும் நிலையானது அல்ல. 2020 அக்டோபரில் ஜப்பானின் நொபெயோகாவில், டாக் சிப் தயாரிக்கும் ஏகேஎம் நிறுவனத்தின் ஆலை தீப்பிடித்தபின் பல தயாரிப்பாளர்கள் வேறு சிப்புக்கு மாற வேண்டியிருந்தது. ஃபியோ நிறுவனம் கே5 புரோ மாடலின் பெயரோடு, புதிய சிப்பைத் தயாரித்த இஎஸ்எஸ் நிறுவனத்தின் பெயரைச் சேர்த்து அதை வெளிப்படையாகச் சொன்னது. விளம்பரத்தில் ஒரு சிப், பெட்டிக்குள் வேறொன்று என்றால் அது சொன்ன அம்சம் இல்லாத பொருள்; திருப்பிக் கொடுக்க உங்களுக்கு உரிமை உண்டு.

பணத்தைவிடப் பெரிய இழப்பு காதுக்கு வரக்கூடியது. உலக சுகாதார நிறுவனத்தின் அளவு, வாரத்துக்கு 80 டெசிபலில் 40 மணி நேரம். ஒலி ஒவ்வொரு 3 டெசிபல் கூடும்போதும் நேரம் பாதியாகிறது. 90 டெசிபலில் வாரத்துக்கு நான்கு மணி நேரம்தான். 100 டெசிபலில் 24 நிமிடம். உட்காதின் நுண்மயிர்ச் செல்கள் ஒருமுறை அழிந்தால் மீண்டும் முளைப்பதில்லை. இன்றைய போன்கள் பல, அளவு மீறினால் எச்சரிக்கின்றன. மேசை ஆம்பில் அப்படி எச்சரிக்க எதுவும் இல்லை; குமிழைத் திருப்பினால் கேட்டதைக் கொடுத்துவிடும். மில்லிவாட்டுக்கு 110 டெசிபல் தரும் இயர்போனை 2 வாட் ஆம்பின் ஹை கெயினில் (ஒலியை அதிகமாக உயர்த்தும் நிலையில்) செருகி, குமிழ் எங்கே இருக்கிறது என்று பார்க்காமல் பாட்டை ஓட்டினால் என்ன ஆகும் என்று நினைத்துப் பாருங்கள். எப்போதும் லோ கெயினில் தொடங்குங்கள். குமிழைக் கீழே இறக்கிவிட்டுச் செருகுங்கள். ஆம்பை ஆன் செய்து சில விநாடிகள் கழித்தே காதில் மாட்டுங்கள். வீட்டில் பிள்ளைகள் அந்த மேசையைத் தொடுவார்கள் என்றால் இது இன்னும் அவசியம்.

ஆன் செய்யும்போது காதில் மாட்டக்கூடாது என்பதற்கு வேறொரு காரணமும் உண்டு. ஆம்ப் பழுதானால் நேர்மின்னோட்டம் ஹெட்போனுக்குள் பாயலாம். மெல்லிய கம்பிச்சுருள் அதில் கருகிவிடும். 2020இல் டாப்பிங் எல்30 ஆம்பின் ஆரம்பத் தொகுதிகள் சில, நிலைமின் அதிர்வால் பழுதாகி ஹெட்போன்களையும் கெடுத்தன. நிறுவனம் பின்னர் திருத்தம் செய்து பழுதுநீக்கித் தந்தது. பயன்படுத்திய ஆம்பை வேறொருவரிடமிருந்து வாங்கினால், குமிழை அடியில் வைத்து, ஹெட்போன் ஜாக்கில் மல்டிமீட்டரால் டிசி வோல்ட் பார்த்துவிடுங்கள். ஓரிரு மில்லிவோல்ட் என்ற அளவில்தான் அது இருக்க வேண்டும். கூடவே தரும் அடாப்டரில் பிஐஎஸ் என்ற இந்தியத் தர நிர்ணய அமைப்பின் பதிவு எண் இருக்கிறதா என்றும் பாருங்கள். ஆர் என்ற எழுத்தோடு தொடங்கும் அந்த எண்ணை பிஐஎஸ் கேர் செயலியில் போட்டால் உண்மையா என்று தெரிந்துவிடும். ஊம் என்ற இரைச்சல் வந்தால் உடனே பழுது என்று எண்ண வேண்டாம். கணினியின் எர்த்தும் ஆம்பின் எர்த்தும் வளையமாகிவிட்டால் அப்படி வரும். இரண்டையும் ஒரே பலகையில் செருகியோ ஆப்டிகல் கேபிளில் இணைத்தோ பாருங்கள்.

இனி சட்டம். சென்னையின் மின்னணுக் கடைத்தெருவான ரிச்சி தெருவிலோ வேறெங்கோ, "பில் வேண்டாம் என்றால் 18 சதவீதம் குறையும்" என்பார்கள். அந்த ஜிஎஸ்டியோடு உங்கள் சான்றும் போய்விடும். நுகர்வோர் பாதுகாப்புச் சட்டம் 2019இன்படி பில் தராமல் விற்பதே முறையற்ற வணிகம். "விற்ற பொருள் திரும்பப் பெறப்படாது" என்று அச்சிட்டிருந்தாலும் பழுதான பொருளை விற்றவரை அது காக்காது: பில்லில் குறித்த காலத்துக்குள், காலம் குறிக்காவிட்டால் 30 நாளுக்குள், பழுதான பொருளைத் திரும்ப எடுத்துப் பணம் தர மறுப்பதும் முறையற்ற வணிகமே. இறக்குமதிப் பெட்டியில் இறக்குமதியாளரின் பெயரும் முகவரியும், எந்த நாட்டில் தயாரானது என்பதும், எம்ஆர்பியும் இருக்க வேண்டும். அந்த ஒட்டுத்தாள் இல்லாத சரக்குக்கு இங்கே வாரன்டி கேட்க ஆளிருக்க மாட்டார்.

இணையத்தில் வாங்கினால் 2020ஆம் ஆண்டின் மின்வணிக விதிகள் துணைக்கு வரும். பழுதான, போலியான, அல்லது விளம்பரத்தில் சொன்ன அம்சம் இல்லாத பொருளை விற்பவர் திரும்ப எடுக்க மறுக்கக்கூடாது. தளத்தின் குறைதீர் அலுவலர் 48 மணி நேரத்தில் புகாரைப் பெற்றதாகச் சொல்லி, ஒரு மாதத்தில் தீர்க்க வேண்டும். விமர்சகர் நிறுவனத்திடம் பணமோ இலவசப் பொருளோ பெற்றிருந்தால் அதைச் சொல்லியாக வேண்டும் என்பது 2022இன் வழிகாட்டு நெறி. விளம்பரத்தில் என்ன சொன்னார்கள் என்று பின்னால் காட்ட, வாங்கும் நாளிலேயே விற்பனைப் பக்கத்தின் எண்களைப் படமெடுத்து வையுங்கள். பெட்டியைத் திறப்பதையும் வீடியோ எடுங்கள்.

தீர்வு கிடைக்காவிட்டால் 1915 என்ற தேசிய நுகர்வோர் உதவி எண்ணை அழையுங்கள். அதிலும் முடியாவிட்டால் மாவட்ட நுகர்வோர் குறைதீர் ஆணையம். இ-ஜாக்ரிதி தளத்தில் வீட்டிலிருந்தே மனு போடலாம். விற்றவர் டெல்லியில் இருந்தாலும் நீங்கள் குடியிருக்கும் மாவட்டத்திலேயே போடலாம். பொருளின் விலை 5 லட்சம் ரூபாய்க்குள் என்றால் கட்டணம் இல்லை, வக்கீலும் கட்டாயமில்லை. சிக்கல் எழுந்த நாளிலிருந்து இரண்டு ஆண்டு அவகாசம் உண்டு. சொன்ன வாட் வரவில்லை என்பது போன்ற வழக்கில் ஆணையம் பொருளை ஆய்வகத்துக்கு அனுப்பி அறிக்கை கேட்கலாம்.

எட்டாயிரம் ரூபாய் ஆம்ப் ஒன்று நாற்பதாயிரம் ரூபாய் ஹெட்போனைக் கருக்கிவிட்டது என்று வையுங்கள். கடைக்காரர் ஆம்பை மட்டும் மாற்றித் தருவதாகச் சொல்வார். அத்தோடு திரும்பி வந்துவிடாதீர்கள். தயாரிப்புக் குறையால் வேறு சொத்துக்கு ஏற்பட்ட சேதமும் உடலுக்கு ஏற்பட்ட பாதிப்பும் 2019ஆம் ஆண்டுச் சட்டத்தின் பொருள் பொறுப்பு அத்தியாயத்துக்குள் வருகின்றன. தயாரிப்பாளர் வெளிநாட்டில் இருந்து, அவருக்கு நோட்டீஸ் சேர்க்க முடியாவிட்டால், விற்றவரே பதில் சொல்ல வேண்டியவர். மனுவில் ஆம்பின் விலையோடு ஹெட்போனின் விலையையும் தனி வரியாகக் கேளுங்கள். இரண்டின் பில்லையும் இணையுங்கள்.