மலையகப் பெயர்களும் கணினியின் குறியெண்களும்

நுவரெலியா மாவட்டத்துத் தேயிலைத் தோட்டம் ஒன்றில் பிறக்கும் குழந்தையின் பெயர், பிறப்புச் சான்றிதழில் தொடங்கி, பாடசாலைப் பதிவேடு, அடையாள அட்டை, செக்ரோல் என்னும் தோட்டத்து வருகைப் பதிவேடு, ஊழியர் சேமலாப நிதிக் கணக்கு என்று வாழ்நாள் முழுவதும் பல அலுவலகங்களைக் கடந்து செல்கிறது. இலங்கையில் 1987ஆம் ஆண்டின் 13ஆவது அரசியலமைப்புத் திருத்தம் தமிழையும் அரச கரும மொழியாக்கியது. ஆனால் அவ்வுரிமை நடைமுறையில் முழுமை பெறத் தாளில் தமிழ் தெரிந்தால் மட்டும் போதாது. கணினியின் நினைவகத்திலும் அது தமிழாகவே இருக்க வேண்டும்.

கணினி எழுத்தை அறியாது, எண்ணை மட்டுமே அறியும். ஒவ்வோர் எழுத்துக்கும் ஓர் எண்ணை ஒதுக்கும் ஏற்பாடு குறிமுறை எனப்படும். அந்த எண்ணுக்குத் திரையில் எவ்வடிவத்தை வரைவது என்று சொல்லும் கோப்பு எழுத்துரு எனப்படும். இலங்கையின் அச்சகங்களிலும் அலுவலகங்களிலும் நெடுங்காலம் வழங்கிய பாமினி எழுத்துரு, ரோமன் எழுத்துகளுக்குரிய எண்களை அப்படியே வைத்துக்கொண்டு அவற்றின்மேல் தமிழ் வடிவங்களை ஏற்றியது. பாமினியில் ‘தமிழ்’ என்று தட்டச்சிட்டால், கோப்பில் சேர்வது ஜே, கே, பீ, ஓ என்னும் நான்கு ரோமன் எழுத்துகளும் ஓர் அரைப்புள்ளியுமே. கணினிகள் தமிழை ஏற்காத காலத்தில் தமிழில் அச்சிட வழிசெய்தது அந்த உத்திதான் என்பதை மறுக்க முடியாது. ஆயினும் அவ்வெழுத்துரு இல்லாத கணினியில் அதே கோப்பைத் திறந்தால் தமிழ் மறைந்து பொருளற்ற ரோமன் வரிசையே எஞ்சும். அதில் ஒருவரின் பெயரைத் தமிழில் தேடிக் கண்டுபிடிக்கவும் இயலாது.

இதற்குத் தீர்வாக வந்ததே ஒருங்குறி என்னும் யூனிகோட். உலகின் எழுத்து முறைகள் அனைத்துக்கும் ஒரே அட்டவணையில் தனித்தனி எண்கள் தர முனையும் இம்முறையின் 1991ஆம் ஆண்டு முதற்பதிப்பிலேயே, இந்தியாவின் இஸ்கி குறிமுறையை அடியொற்றி, தமிழுக்கு 2944 முதல் 3071 வரையான இடம் ஒதுக்கப்பட்டது. சிங்களம் 1999இல் சேர்ந்தது. இலங்கை தனது தமிழ்க் குறிமுறைக்கான தரத்தை எஸ்.எல்.எஸ். 1326 என்ற எண்ணில் 2008இல் வகுத்தது.

தமிழின் 247 எழுத்துகளுக்கும் தனித்தனி எண் இதில் இல்லை. உயிர், ஆய்தம், அகரமேறிய மெய், உயிர்க்குறி, புள்ளி ஆகியவற்றுக்கே எண் உண்டு. ஏனையவை இவற்றின் சேர்க்கையால் பிறக்கின்றன. ‘நுவரெலியா’ என்னும் ஐந்தெழுத்துப் பெயர் கணினிக்கு ஒன்பது எண்கள். அதிலுள்ள ‘ரெ’யை எழுதும்போது கொம்பு முன்னும் ரகரம் பின்னும் வரினும், நினைவகத்தில் ஒலிப்பு முறைப்படி ரகரத்தின் 2992 முதலில் நிற்க, கொம்பின் 3014 அதைத் தொடர்கிறது. திரையில் காட்டும் நேரத்தில் வடிவமைப்பு மென்பொருள் கொம்பை முன்னுக்கு நகர்த்துகிறது. நகரத்தையும் உகரக் குறியையும் ‘நு’ என்ற ஒரே வடிவமாக்குகிறது. பொகவந்தலாவை என்னும் ஊர்ப்பெயரின் ‘பொ’வில் ஒரே குறி இருபுறமும் பிரிந்து நிற்கிறது. இவ்வேலையைச் செய்யத் தெரியாத பழைய கைப்பேசிகளில்தான் கொம்பு இடம் மாறித் தெரிந்தது.

ஒருங்குறியால் ஒரு செலவும் உண்டு: ரோமன் எழுத்தில் 160 குறிகள் கொள்ளும் ஒரு குறுஞ்செய்தி, தமிழில் 70 குறிகளோடு நிறைந்துவிடும்.

ஆனால் ஆவணங்களில் பெருந்தொல்லை தருவது, கண்ணுக்கு ஒன்றாகவும் கணினிக்கு வேறாகவும் இருக்கும் எழுத்துகளே. ‘கௌரி’ என்ற பெயரை ஔகாரக் குறியிட்டு எழுதுவதற்குப் பதிலாக, கொம்பையும் ளகரத்தையும் இட்டு ‘கெளரி’ என்று தட்டச்சிடுவோர் பலர். பார்ப்பவருக்கு வேறுபாடு தெரியாது. கணினிக்கோ அது ‘கெ’, ‘ள’, ‘ரி’ என்னும் மூன்றெழுத்துகள் கொண்ட வேறொரு பெயர். ‘ஸ்ரீ’யின் நிலையும் இதுவே: முதலில் ஸகரத்தைக் கொண்டே அது எழுதப்பட்டது, 2005இல் ‘ஶ’ என்னும் எழுத்து ஒருங்குறியில் சேர்ந்த பின் அதைக் கொண்டும் எழுதப்படுகிறது. இரண்டும் திரையில் ஒரே உருவம் பெறுவதால், ஸ்ரீதரன் என்னும் தொழிலாளியின் பதிவு ஓர் அலுவலகத்தில் ஒரு விதமாகவும் அடுத்த அலுவலகத்தில் வேறு விதமாகவும் இருந்தால், தேடல் அவரைக் காட்டாமல் போகலாம். கணினி அவ்வாறு இல்லையென்று சொல்லும்போது, இரண்டும் தாமே என்று நிறுவும் சுமை அந்தத் தொழிலாளியின் தலையில் விழுவது நியாயமன்று.

ஆகவே ஹட்டனிலும் நுவரெலியாவிலும் உள்ள அலுவலகங்கள், பாடசாலைகள், தொழிற்சங்கங்கள் தம்மிடம் எஞ்சியுள்ள பாமினிக் கோப்புகளை ஒருங்குறிக்கு மாற்றி, மாற்றியதை மூலத்தோடு ஒப்பிட்டுச் சரிபார்க்க வேண்டும்; தட்டச்சுப் பயிற்சி அளிப்போர் ஔகாரக் குறியின் சரியான விசையை முதல் நாளிலேயே மாணவர்க்குக் கற்பிக்க வேண்டும்.