கணக்குக்கு அடங்காத நட்சத்திரம்

அறிவியல் புனைகதைகளில் விநோத நட்சத்திரங்களுக்குப் பஞ்சமே இல்லை. போக வேண்டிய பாதையை விட்டு ஒரு நட்சத்திரம் சற்றே விலகிப் போகும். ஏன் என்று தேடிப் போனால், யாருக்கும் தெரியாத ஓர் உலகம் அதன் அருகே இருக்கும். ஏறக்குறைய இதே கதை 1855-இல் லண்டன் ராயல் வானியல் கழகத்தின் இதழில் ஆய்வுக் கட்டுரையாகவே வெளிவந்தது. எழுதியவர் வேலை பார்த்த ஊர் நம் சென்னை.

சென்னைக்கு ஒரு வானாய்வகம் வந்ததற்கே கடல்தான் காரணம். அன்று இங்கே துறைமுகம் கிடையாது. கப்பல்கள் கரைக்கு எட்டத்தில் நங்கூரம் பாய்ச்சி நிற்கும். சரக்கும் ஆட்களும் அலையைத் தாண்டி மசூலா படகில்தான் வந்து சேர வேண்டும். நடுக்கடலில் இருப்பவனுக்குத் தான் எந்தத் தீர்க்கரேகையில் இருக்கிறோம் என்பது தெரியாவிட்டால் கப்பலே போய்விடும். கடற்கரையை அளந்துகொண்டிருந்த மைக்கேல் டாப்பிங்கின் முயற்சியால் 1792-இல் நுங்கம்பாக்கத்தில் கிழக்கிந்தியக் கம்பெனியின் வானாய்வகம் எழுந்தது. அங்கே கருவியைத் தாங்கிய கருங்கல் தூண் இன்றும் வானிலை ஆய்வு மைய வளாகத்தில் நிற்கிறது. அதில் தமிழ்க் கல்வெட்டும் உண்டு.

அந்த ஆய்வகத்தின் தலைவராக இருந்தவர் கேப்டன் வில்லியம் ஸ்டீபன் ஜேக்கப். அவருடைய கவனத்தை இழுத்தது 70 ஓபியூக்கி. வெறுங்கண்ணுக்கு ஒன்றாகத் தெரிந்தாலும் அது ஒன்றையொன்று சுற்றும் இரண்டு நட்சத்திரங்கள். இரட்டை என்று 1779-இல் கண்டவர் வில்லியம் ஹெர்ஷெல். நம்மிடமிருந்து சுமார் 16.6 ஒளியாண்டு தொலைவு. ஒரு முழுச் சுற்றுக்கு ஏறத்தாழ 88 ஆண்டு.

இந்தச் சுற்றை எப்படி அளந்தார்கள் என்பதில்தான் விஷயமே இருக்கிறது. தொலைநோக்கியின் கண்வில்லைக்குள் மெல்லிய இரண்டு இழைகள், பெரும்பாலும் சிலந்தி இழைகள், இருக்கும். ஒன்றை ஒரு நட்சத்திரத்தின் மேல் நிறுத்திவிட்டு, திருகைச் சுழற்றி மற்றதை அடுத்த நட்சத்திரத்துக்குக் கொண்டுபோக வேண்டும். திருகு சுழன்ற அளவே இடைவெளி. இந்த இரண்டு நட்சத்திரங்களுக்கும் நடுவே அதிகபட்ச இடைவெளியே 7 வில்நொடிக்குக் குறைவு. ஒரு வில்நொடி என்பது, திருவொற்றியூரில் ஒருவர் தூக்கிப் பிடிக்கும் ஒரு ரூபாய் நாணயம் ராயபுரத்தில் நிற்பவருக்குத் தெரியக்கூடிய அளவு. அதையும் பல துண்டாக்கி அளந்தாக வேண்டும், காற்றின் நடுக்கத்தில் நட்சத்திரம் துடித்துக்கொண்டிருக்கும்போதே.

நியூட்டன் கணக்குப்படி துணை நட்சத்திரம் நீள்வட்டத்தில் போக வேண்டும். அளந்த இடங்களோ கணக்கிட்ட இடங்களோடு ஒத்துப்போகவில்லை. கண்ணுக்குத் தெரியாத ஒரு கோள் இழுக்கிறது, அதற்கே வாய்ப்பு அதிகம் என்றார் ஜேக்கப். சூரியனை விட்டு வேறொரு நட்சத்திரத்துக்குக் கோள் உண்டு என்று அளவீட்டை வைத்து வாதிட்ட மிகப் பழைய முயற்சிகளில் இது ஒன்று.

அவர் காலத்தை நினைத்தால் அந்தத் துணிச்சல் புரியும். யுரேனஸ் தடம் பிறழ்ந்ததை வைத்துக் கணக்கிட்டு 1846-இல்தான் நெப்டியூனைக் கண்டுபிடித்திருந்தார்கள். சிரியஸ் நட்சத்திரத்தின் தள்ளாட்டத்துக்கு ஒரு மறைவான துணையே காரணம் என்று பெஸ்ஸல் 1844-இல் சொன்னது, 1862-இல் கண்ணாலேயே பார்த்து உறுதியானது.

70 ஓபியூக்கிக்கு அந்த அதிர்ஷ்டம் வாய்க்கவில்லை. 1890-களில் அமெரிக்கர் தாமஸ் சீ அங்கே மறைவான துணை உண்டு என்று மீண்டும் அடித்துச் சொன்னார். அப்படி ஒன்று இருந்தால் அந்த அமைப்பே நிலைக்காது என்று 1899-இல் பாரெஸ்ட் மோல்டன் கணக்குப் போட்டுக் காட்டினார். 1940-களில் மறுபடி ஒரு கோரிக்கை எழுந்து, அதுவும் அடங்கியது. பிழை நட்சத்திரத்தில் இல்லை, அளவீட்டில்தான். இன்றுவரை அங்கே எந்தக் கோளும் உறுதிப்படவில்லை.

ஆனாலும் ஜேக்கப்பைத் தோற்றவர் என்று தள்ள எனக்கு மனம் வரவில்லை. கண்ணில் படாததை, அது இழுக்கும் இழுப்பை வைத்துப் பிடிக்கலாம் என்ற அவருடைய யோசனை சரியானது, கருவிதான் போதவில்லை. 1995-இல் 51 பெகாசி நட்சத்திரத்தின் கோளைக் கண்ட மிஷேல் மேயரும் டிடியே குவெலோவும் நம்பியது அதே இழுப்பைத்தான். அவர்கள் அளந்தது இடத்தை அல்ல, நட்சத்திரம் நம்மை நோக்கி வந்து விலகும் வேகத்தை. 2019-இல் அவர்களுக்கு நோபல் பரிசு கிடைத்தது. சென்னைப் பிள்ளைகளின் அறிவியல் பாடத்தில் இந்த நுங்கம்பாக்கம் அத்தியாயத்துக்கு ஒரு பக்கமாவது கொடுக்க வேண்டும்.

ஜூலை, ஆகஸ்டில் மேகம் விலகும் இரவு ஒன்பது, பத்து மணிவாக்கில் கேட்டைக்கும் திருவோணத்துக்கும் நடுவே, சற்று வடக்கே தள்ளி 70 ஓபியூக்கியைத் தேடுங்கள். ஏறத்தாழ உச்சிவானத்தில் இருக்கும். எண்ணூர் போன்ற இடங்களின் ஆலை வெளிச்சத்தில் வெறுங்கண்ணுக்குப் படாது, பைனாகுலருக்குப் படும். மூன்று அங்குலத் தொலைநோக்கி கிடைத்தால் மஞ்சளும் ஆரஞ்சுமாக இரண்டையும் தனித்தனியே பார்க்கலாம். ஜேக்கப் பார்த்த பிறகு அவை இரண்டு சுற்றை முடிக்கப்போகின்றன. அன்றுபோலவே இந்த ஆண்டுகளிலும் அவற்றின் இடைவெளி மிக அதிகம். பார்க்க இதுபோன்ற நல்ல காலம் மறுபடி அமைய இன்னும் ஏறத்தாழ 88 ஆண்டு ஆகும்.